காட்டில் தங்கிய இடத்தை விட்டுப் புறப்படும் முறை

மலையடிவாரக் கிராமங்களிலிருந்து தேன், கடுக்காய், நெல்லிக்காய் முதலியன சேகரிக்கக் காட்டுக்குள் செல்வோர் இரண்டோர் இரவு அங்கேயே தங்குவதுண்டு. 2006-ஆம் வருஷத்திய வன உரிமைச் சட்டம் சிறு வனப்பொருள்களைச் சேகரிக்கும் உரிமையை வனவாசிகளுக்கு அளித்திருக்கிறது. ஆயினும் ரிசர்வுக் காட்டில் அபாயமுண்டாகும்படி தீயை எரியவிட்டுச் செல்வது 1882-ஆம் வருஷத்து வனச் சட்டப்படி குற்றமாகும்.

ஆகவே யாவற்றினும் முக்கியமானது அடுப்பு. ஜனங்கள் பெரும்பாலும் அடுப்பின்மேல் மண்ணைத் தள்ளிவிட்டு, தீ அணைந்ததென்று எண்ணிப் போய்விடுகின்றனர். இது பெரும் பிழை. மண்ணுக்கடியில் கங்கு நெடுநேரம் கனன்றுகொண்டிருக்கும். கரிமூட்டம் போடுவோர் விறகை மண்ணால் மூடியே கரியாக்குகின்றனர் என்பதை நினைத்தால் இதன் அபாயம் விளங்கும். அடுப்பின் கீழ்ப் பட்ட வேர் ஒன்று ஓடுமாயின், தீ அதன் வழியே ஊர்ந்து சென்று, ஆட்கள் போன மறுநாள் சற்றுத் தள்ளிப் புகைந்து கிளம்பவும் கூடும்.

புறப்படுவதற்கு அரைமணி நேரம் முன்னரே விறகு வைப்பதை நிறுத்திவிட வேண்டும். கங்குகளைப் பரப்பித் தண்ணீர் ஊற்றி, கோலால் கிளறி, மறுபடியும் ஊற்ற வேண்டும். 'சுர்' என்ற சப்தம் அடங்கியபின் அடுப்புக் கற்களைப் புரட்டி அவற்றின் அடியிலும் ஊற்றுக. பிறகு புறங்கையைச் சாம்பலுக்கு அருகில் கொண்டுபோய்ப் பார்க்க வேண்டும். வெதுவெதுப்பு இருக்கும்வரையில் தீ அணையவில்லை என்றே கொள்ளல் வேண்டும். தண்ணீர் கிடையாத இடத்தில் அடுப்பு மூட்டாதிருப்பதே மேல். அன்றைக்குக் கட்டுச்சோறு போதும்.

மாசி முதல் சித்திரை வரை இலையுதிர் காடுகளில் சருகும் காய்ந்த புல்லும் நிறைந்திருக்கும். சரிவில் மேல்நோக்கிப் பாயும் தீயை மனிதர் ஓடி வெல்லுதல் அரிது. தேனி ஜில்லா குரங்கணி மலையில் 2018 மார்ச்சு 11-ல் காட்டுத்தீயில் சிக்கிய மலையேற்றப் பிரயாணிகளில் 20 பேருக்கு மேல் மாண்டனர்.

அடுத்தது மீந்த பொருள்கள். சோறு, உப்பு, வெல்லம் இவற்றின் வாசனைக்கு யானையும் கரடியும் வரும். ஒருமுறை ருசி கண்டது, அடுத்து அங்கே தங்குவோரையும் தேடி வரும். உணவு ஒட்டிய பிளாஸ்டிக் பைகளைத் தின்ற மான்கள் குடல் அடைபட்டு மடிகின்றன. உடைந்த புட்டியின் சில்லு யானையின் பாதத்தில் தைத்தால் அதை எடுப்பார் யார்? குழி தோண்டிப் புதைப்பதும் பயனில்லை, காட்டுப்பன்றி கிளறிவிடும். கொண்டுபோனதைத் திரும்பக் கொண்டுவருவதே வழி. கோயமுத்தூர் ஜில்லா வெள்ளிங்கிரி மலையடிவாரத்தில் வன இலாகாவினர் யாத்திரிகர்களின் மூட்டைகளைப் பிளாஸ்டிக்குக்காகச் சோதித்த பின்னரே மேலே அனுப்புகின்றனர்.

சாமான்களைப் பொறுத்தவரை, சங்கத்தில் சரக்கிருப்பைச் சரிபார்ப்பது போல, வந்தபோது எண்ணியதைப் போகும்போதும் எண்ணுக. மூட்டைகள் யாவும் தலையில் ஏறிய பின்னர் ஒருவர் மாத்திரம் பின்தங்கி, அடுப்பு இருந்த இடத்திலிருந்து வட்டத்தைப் பெரிதாக்கிக்கொண்டே சுற்றி வர வேண்டும். சாமான் பரப்பியிருக்கையில் தேடினால் அரிவாளும் கயிறும் கண்ணில் படா. மரக்கிளைகளையும் நிமிர்ந்து பார்த்தல் அவசியம். விடியுமுன் புறப்படுவோர் முந்தின மாலை வெளிச்சத்திலேயே இதைச் செய்துவிட்டால், காலையில் அடுப்பையும் ஆட்களின் எண்ணிக்கையையும் மாத்திரம் பார்த்துக்கொண்டு நடக்கலாம்.