நீரிழிவு மாத்திரையும் வீட்டின் உணவு நேரமும்

காவிரிப் படுகையின் நெல் விளையும் ஊர்களில் குறுவை, சம்பா நடவும் அறுவடையும் வீட்டின் உணவு நேரத்தை மாற்றிவிடுகின்றன. விடியலில் வயலுக்குச் செல்பவருக்குக் காலை உணவு தாமதமாகிறது. வீட்டிலிருக்கும் தாய் எல்லோருக்கும் பரிமாறிவிட்டுக் கடைசியாகவே உண்கிறார். அமாவாசையன்று படையல் முடியும்வரை பலர் உண்பதில்லை. நீரிழிவு நோய்க்கு மருந்து உட்கொள்பவருக்கு இத்தகைய தாமதம் ஆபத்தாக முடியலாம்.

ஏன் ஆபத்து?

இன்சுலின் ஊசியும், கிளிமெபிரைடு, கிளிபென்கிளமைடு போன்ற மாத்திரைகளும், நீங்கள் உண்டாலும் உண்ணாவிட்டாலும் இரத்தச் சர்க்கரையைக் குறைத்துக்கொண்டே இருக்கும். அளவு 70 மில்லிகிராமுக்குக் கீழே சென்றால் அது தாழ்சர்க்கரை நிலையாகும். முதியோருக்கும் சிறுநீரகப் பாதிப்பு உள்ளவர்களுக்கும் இதற்கான வாய்ப்பு அதிகம். மெட்ஃபார்மின் மட்டும் உட்கொள்பவர்களுக்கு இது அரிது.

அறிகுறிகள்

• கை நடுக்கம், குளிர்ந்த வியர்வை, படபடப்பு
• கடும் பசி, தலைச்சுற்றல்
• பேச்சில் தடுமாற்றம், காரணமற்ற எரிச்சல்

வயல் வேலையின்போது இவற்றை வெயில் களைப்பு என்று எண்ணி விட்டுவிடக் கூடாது.

உடனே செய்ய வேண்டியவை

• மூன்று தேக்கரண்டி சர்க்கரையை நீரில் கரைத்துக் கொடுக்கவும்.
• 15 நிமிடம் கழித்தும் அறிகுறிகள் நீங்காவிட்டால் மீண்டும் அதே அளவு கொடுக்கவும்.
• தெளிந்தபின் இட்லி, சோறு போன்ற உணவை உண்ணச் செய்யவும்.
• நினைவிழந்தவரின் வாயில் எதையும் ஊற்ற வேண்டாம், மூச்சுக்குழாயில் சென்றுவிடும். அவரை ஒருக்களித்துப் படுக்கவைத்து 108 எண்ணை அழைக்கவும்.

குடும்பத்தினர் செய்யக்கூடியவை

• உணவு தயாரான பின்னரே மருந்தை எடுத்துக் கொடுக்கவும். உணவுக்கு எவ்வளவு நேரம் முன்பாக உட்கொள்வது என்பதை மருத்துவர் கூறியபடி பின்பற்றவும்.
• நீரிழிவு உள்ள தாய்க்கோ பாட்டிக்கோ முதற்பந்தியிலேயே பரிமாறவும். இது மரியாதைக் குறைவன்று. சிகிச்சையின் ஒரு பகுதி.
• வயலுக்குச் செல்பவரின் மடியில் சர்க்கரைப் பொட்டலம் ஒன்று இருக்கட்டும். உடன் வேலை செய்பவர்களுக்கும் அவரது நிலை தெரிந்திருக்க வேண்டும்.
• விரத நாட்களுக்கும் நடவு நாட்களுக்கும் மருந்தின் அளவையும் நேரத்தையும் மாற்ற வேண்டுமா என்று முன்கூட்டியே மருத்துவரிடம் கேட்கவும்.
• தட்டில் பாதி கீரை, வாழைத்தண்டு, கத்தரி போன்ற காய்கள். கால் பங்கு பருப்பு அல்லது மீன். கால் பங்கு சோறு என வீட்டிலுள்ள அனைவருக்கும் பரிமாறலாம். தனிச் சமையல் தேவையில்லை.

மருந்தை நிறுத்த வேண்டாம்

தாழ்சர்க்கரைக்கு அஞ்சித் தாமாகவே மருந்தை நிறுத்தினால் சர்க்கரை உயர்ந்து கண், சிறுநீரகம், கால் நரம்புகள் பாதிக்கப்படும். ஒருமுறை மயக்கம் வந்திருந்தாலும், நாளையும் நேரத்தையும் குறித்துவைத்து மருத்துவரிடம் காட்டவும். அவர் அளவை மாற்றித் தருவார். 2021 ஆகஸ்ட் 5 அன்று தொடங்கப்பட்ட மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தின்கீழ் வீட்டிற்கு மாத்திரை கொண்டுவரும் தன்னார்வலரிடமும் இதைத் தெரிவிக்கலாம். மருத்துவ ஆலோசனைக்கு 104 எண்ணை அழைக்கலாம்.