அகன்ற அலையை எப்படிப் படிப்பது?

இன்று ஒரே ஒரு வகை ஈசிஜியைப் பற்றித்தான் பேசப்போகிறேன். ஆனால் நிதானமாகப் பேச வேண்டிய விஷயம் அது. அறுபதைத் தாண்டிய ஒருவர் படபடப்பு என்று அவசர சிகிச்சைப் பிரிவுக்கு வருகிறார். துடிப்பு நிமிடத்துக்கு 170. ஒல்லியாக இருக்க வேண்டிய அலைகள் தாள் முழுக்க அகல அகலமாக, இடைவெளியே இல்லாமல் வருகின்றன. மருத்துவர்கள் இதை ‘வைட் காம்ப்ளக்ஸ் டாக்கிகார்டியா’ என்பார்கள். இதைச் சரியாகப் படித்தால் உயிர் பிழைக்கும். தவறாகப் படித்து ஊசி போட்டால், பேசிக்கொண்டிருப்பவரே சில நிமிடங்களில் சரிந்துவிடக்கூடும்.

முதலில் அளவு. ஈசிஜி தாள் நொடிக்கு 25 மில்லிமீட்டர் வேகத்தில் நகர்கிறது. ஒரு சின்னக் கட்டம் 0.04 நொடி, ஐந்து சின்னக் கட்டங்கள் சேர்ந்த பெரிய கட்டம் 0.2 நொடி. அடுத்தடுத்த இரண்டு துடிப்புகளுக்கு நடுவே எத்தனை பெரிய கட்டங்கள் என்று எண்ணி, 300-ஐ அந்த எண்ணால் வகுத்தால் நிமிடத் துடிப்பு கிடைக்கும். இரண்டு கட்டம் என்றால் 150. இதயத்தின் கீழறைகளில் மின்சாரம் பரவுவதைக் காட்டும் அலைக்கு க்யூ.ஆர்.எஸ். என்று பெயர். இயல்பான இதயத்தில் அது மூன்று சின்னக் கட்டங்களுக்குள், அதாவது 0.12 நொடிக்குள் முடிந்துவிடும். அந்த அளவை எட்டினாலோ தாண்டினாலோ அகலம்; துடிப்பு 100-க்கு மேல் போனால் வேகம். இரண்டும் சேர்ந்ததுதான் நாம் பேசும் சிக்கல்.

அலை ஏன் அகலமாகிறது? மேலறையில் பிறக்கும் மின்தூண்டல் நடுவில் உள்ள ஏ.வி. கணுவில் சற்றுத் தாமதித்து, ஹிஸ் கற்றையில் இறங்கி, இடது வலது கிளைகளாகப் பிரிந்து, புர்கின்யே இழைகள் வழியே கீழறைகள் முழுவதும் பரவுகிறது. ஹிஸ் கற்றையை 1893-ல் வில்ஹெல்ம் ஹிஸ் விவரித்தார். ஏ.வி. கணுவையும் இந்தப் பாதை முழுவதையும் 1906-ல் தெளிவாக்கியவர் ஜெர்மனியின் மார்புர்க்கில் ஆராய்ந்த ஜப்பானியர் சுனாவோ தவாரா. வயலுக்கு நீர் பாய்ச்சுவதை நினைத்துக்கொள்ளுங்கள். வாய்க்காலில் திறந்துவிட்ட நீர் சீக்கிரம் எல்லாப் பாத்திக்கும் போய்விடும். வாய்க்காலை விட்டுவிட்டு வயலின் ஒரு மூலையில் கொட்டிய நீர், மண்ணில் ஊறி ஊறித்தான் மறுமூலைக்குச் சேரும். ஒல்லி அலை வாய்க்கால் வழி வந்தது. அகன்ற அலை தசை வழி ஊறி வந்தது.

அப்படி ஊறி வருவதற்கு முக்கியமான காரணங்கள் மூன்று. ஒன்று, துடிப்பே கீழறையில் பிறப்பது. பழைய மாரடைப்பின் தழும்பைச் சுற்றி மின்சாரம் சுழன்றுகொண்டே இருக்கும். இதுதான் வென்ட்ரிகுலர் டாக்கிகார்டியா, சுருக்கமாக வி.டி. இரண்டு, துடிப்பு மேலே பிறந்தாலும் ஒரு பக்கக் கிளை வேலை செய்யாததால் அந்தப் பக்கக் கீழறைக்குத் தாமதமாகப் போவது. மூன்று, மேலறைக்கும் கீழறைக்கும் இடையே பிறவியிலேயே அமைந்த குறுக்குவழியில் மின்சாரம் இறங்குவது. 1930-ல் வுல்ஃப், பார்க்கின்சன், ஒயிட் ஆகிய மூவரும் விவரித்ததால் இது அவர்கள் பெயரால் டபிள்யூ.பி.டபிள்யூ. என்று வழங்குகிறது.

மூன்றில் எது? தாளைப் பார்க்கும் முன்பே பாதி விடை நோயாளியிடம் இருக்கிறது. அகன்ற அலையோடு வரும் வேகத் துடிப்புகளில் ஏறத்தாழ பத்தில் எட்டு வி.டி.தான். மாரடைப்பு வந்தவர் என்றால் பத்தில் ஒன்பதுக்கும் மேல். ஆகவே, “உங்களுக்கு முன்பு ஹார்ட் அட்டாக் வந்திருக்கிறதா? இந்தப் படபடப்பு அதற்குப் பிறகுதான் ஆரம்பித்ததா?” என்ற இரண்டு கேள்விகளையும் கட்டாயம் கேட்க வேண்டும். இரண்டுக்கும் ஆம் என்றால் வி.டி. என்றே நடக்கலாம்.

இங்கே பலரைத் தடுமாற வைப்பது ஒரு தவறான நம்பிக்கை. “ரத்த அழுத்தம் நன்றாக இருக்கிறது, நடந்து வந்தார், பேசுகிறார், அதனால் வி.டி.யாக இருக்காது” என்று நினைத்துவிடுகிறார்கள். வி.டி.யோடு மணிக்கணக்கில் தெளிவாகப் பேசிக்கொண்டிருப்பவர்கள் உண்டு. ரத்த அழுத்தம் எவ்வளவு அவசரம் என்பதைச் சொல்லும். துடிப்பு எங்கே பிறந்தது என்பதைச் சொல்லாது.

இனி தாள். முதலில் தேட வேண்டியது மேலறையும் கீழறையும் தனித்தனியே ஓடுகின்றனவா என்பது. அகன்ற அலைகளுக்கு நடுவே மேலறையின் சிறிய பி அலைகள் தம் போக்கில், மெதுவான கணக்கில் வந்துகொண்டிருந்தால் அது வி.டி. என்று ஏறக்குறைய உறுதி. பல ஈசிஜிகளில் இது கண்ணுக்குத் தெரியாது என்பதால், தெரியவில்லை என்பதை வைத்து வி.டி.யை ஒதுக்கிவிடவும் கூடாது. சில சமயம் மேலறைத் தூண்டல் ஒன்று சரியான நேரத்தில் வாய்க்கால் வழியே இறங்கிவிடும். அப்போது அகன்ற அலைகளுக்கு நடுவே ஒரு ஒல்லி அலையோ, இரண்டும் கலந்த அலையோ தோன்றும். 1952-ல் வில்லியம் டிரெஸ்லர் இந்தக் கலப்பு அலைகளின் பொருளை எடுத்துச் சொன்னார். இடையில் வரும் ஒல்லி அலை ஆறுதல் போலத் தோன்றும். உண்மையில் அது வி.டி.க்கான வலுவான சாட்சி.

அடுத்து திசை. ஏ.வி.ஆர். என்ற லீடில் (லீடு என்பது இதயத்தை ஒரு கோணத்திலிருந்து காட்டும் பதிவு) க்யூ.ஆர்.எஸ். வழக்கமாகக் கீழ்நோக்கி இருக்கும். அங்கே தொடக்கத்திலேயே உயரமாக மேலெழும்பினால், மின்சாரம் கீழிருந்து மேலே போகிறது என்று பொருள். வி1 முதல் வி6 வரை மார்பு லீடுகள் ஆறும் கீழ்நோக்கியே இருந்தாலும் வி.டி. பக்கமே கை நீளும்.

மூன்றாவது, அலையின் தொடக்கம். ஒரு கிளை மட்டும் அடைபட்டிருந்தால் மறு கிளை வழியே மின்சாரம் வேகமாகவே இறங்கும். அதனால் அலையின் முதல் பாதி கூர்மையாகவும் பின்பாதி இழுத்தும் இருக்கும். வி.டி.யில் தொடக்கமே தசையில் என்பதால் முதல் பாதியே மந்தம். 1991-ல் புருகாடா குழு வெளியிட்ட நான்கு படி முறையின் இரண்டாம் படி இதைத்தான் அளக்கிறது. ஏதாவது ஒரு மார்பு லீடில், க்யூ.ஆர்.எஸ்.ஸில் மேலெழும் ஆர் அலையின் தொடக்கத்திலிருந்து அடுத்துக் கீழிறங்கும் எஸ் அலையின் அடி வரை 0.1 நொடிக்கு மேல் போனால் வி.டி.

வி.டி.யைப் போலத் தோன்றும் மூன்று வேடங்களையும் மறக்கக் கூடாது. டயாலிசிஸ் தவறவிட்டவரின் அலைகள் மிக அகலமாக, பி அலையே இல்லாமல், துடிப்பு மட்டும் அவ்வளவு வேகமில்லாமல் இருந்தால் பொட்டாசியம் ஏறியிருக்கலாம். அவருக்கு உடனே தேவை கால்சியம். அலைகள் ஒழுங்கற்று, ஒவ்வொன்றும் வேறு அகலத்தில், 200-க்கு மேல் பறந்தால் குறுக்குவழியோடு மேலறை நடுக்கம் சேர்ந்திருக்கலாம். அங்கே ஏ.வி. கணுவை அடைக்கும் மருந்துகள் ஆபத்து. கை நடுக்கமும் தாளில் வி.டி.யைப் போலவே வரையும். நடுவே ஒல்லி அலைகள் சீராகப் போய்க்கொண்டிருக்கின்றனவா என்று பார்த்தால் குட்டு வெளிப்பட்டுவிடும்.

எல்லாம் பார்த்தும் சந்தேகம் தீரவில்லையா? வி.டி. என்றே வைத்துக்கொள்ளுங்கள். மேலறைத் துடிப்பை வி.டி. என்று எண்ணி ஷாக் கொடுத்தால் பெரும்பாலும் அதுவும் சரியாகிவிடும். வி.டி.யை மேலறைத் துடிப்பு என்று எண்ணி வெராபமில் என்ற மருந்தைப் போட்டால், ரத்தக் குழாய்கள் விரிந்து, இதயச் சுருக்கம் தளர்ந்து, ரத்த அழுத்தம் விழுந்துவிடும். இப்படிப் பிழையாகப் படித்ததன் விளைவுகளை 1986-லேயே ‘அன்னல்ஸ் ஆஃப் இன்டர்னல் மெடிசின்’ இதழ்க் கட்டுரை ஒன்று பதிவு செய்திருக்கிறது. வெராபமிலுக்கு அடங்கும் அரிய வகை வி.டி. இளைஞர்களிடம் உண்டு, அதை அடையாளம் காண்பது வல்லுநரின் வேலை. மயக்கம், நெஞ்சுவலி, மூச்சுத் திணறல், தாழ்ந்த ரத்த அழுத்தம் இருந்தால் உடனே துடிப்போடு ஒத்திசைத்த ஷாக். நிலை சீராக இருந்தால் 12 லீடு ஈசிஜி எடுத்துவிட்டு, புரோகெய்னமைடோ அமியோடரோனோ மருந்தாகத் தரலாம்.

கடைசியாக, மருத்துவர் அல்லாத உங்களுக்கு ஒரு வேண்டுகோள். படபடப்பின்போது எடுத்த ஈசிஜியையும், நன்றாக இருக்கும்போது எடுத்த ஈசிஜியையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் மேலே சொன்ன குழப்பத்தில் பெரும்பகுதி தீரும். கிளை அடைப்பு முன்பே இருந்ததா, குறுக்குவழியின் தடயம் உண்டா, பழைய தழும்பு தெரிகிறதா என்பதெல்லாம் அந்தப் பழைய தாளில் இருக்கும். இதய நோய் உள்ளவர் வீட்டில் இருந்தால், டிஸ்சார்ஜ் சம்மரியோடு அவருடைய ஈசிஜியையும் பத்திரப்படுத்துங்கள். வெப்பத்தில் அச்சாகும் தாள் நாளடைவில் வெளுத்துவிடும் என்பதால் இன்றே கைபேசியில் தெளிவாகப் படம் எடுத்து, குடும்பத்தில் இருவருக்காவது அனுப்பி வையுங்கள். அவசரத்தில் பார்க்கும் மருத்துவருக்கு நீங்கள் செய்யக்கூடிய பேருதவி அதுதான்.