செய்மதிகளும் படைச்செலவும்: இலங்கை முன்வைத்த தீர்மானம் பற்றிச் சில குறிப்புகள்

திகனச் சந்தியில் நின்று கைத்தொலைபேசியில் வழி தேடும் லொறிச் சாரதி, தாம் ஒரு படைத்துறை அமைப்பின் துணையை நாடுவதாக எண்ணுவதில்லை. அவருக்கு இடங்காட்டும் ஜீ.பி.எஸ். செய்மதித் தொகுதியோ ஐக்கிய அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களத்தின் ஆக்கமாகும். அதன் முதற் செய்மதி 1978 இல் ஏவப்பட்டது. பொதுமக்களுக்குரிய சமிக்ஞையின் துல்லியம் 2000 மே மாதம் வரை வேண்டுமென்றே குறைத்து வைக்கப்பட்டிருந்தது. விண்வெளியின் குடிசார் பயன்கள் எனப் போற்றப்படுவனவற்றுட் பல இவ்வாறு படைச்செலவின் நிழலில் வளர்ந்தனவே.

தொடக்கமும் ஒற்றுவேலைதான். 1960 ஓகஸ்டில் ‘டிஸ்கவரர் 14’ எடுத்த படச்சுருள், வான்குடையில் இறங்குகையிற் பசிபிக் சமுத்திரத்தின்மேல் விமானமொன்றினாற் பற்றப்பட்டது. அவ்வொரு பயணத்திற் பதிவான சோவியத் நிலப்பரப்பு, யூ-2 உளவு விமானங்கள் அனைத்தும் அதுவரை படம்பிடித்த பரப்பிலும் கூடியது. உலகுக்கோ அது விஞ்ஞான ஆய்வெனக் கூறப்பட்டது. ‘கொரோனா’த் திட்டம் பற்றிய மறைப்பு 1995 இலேயே நீங்கிற்று. சோவியத் ஒன்றியமும் பின்தங்கவில்லை. ககாரினைச் சுமந்த ‘வொஸ்டொக்’ கலத்தின் அமைப்பே ‘செனித்’ உளவுச் செய்மதிக்கும் பயன்பட்டது. ‘கொஸ்மொஸ்’ என்னும் பொதுப்பெயர் அதனை மறைத்தது.

1967 ஆம் ஆண்டின் விண்வெளி ஒப்பந்தம், அணுவாயுதத்தையும் ஏனைய பேரழிவாயுதங்களையும் புவியைச் சுற்றும் பாதையில் வைத்தலைத் தடைசெய்தது. உளவுச் செய்மதிகளையோ பிறவகை ஆயுதங்களையோ அது தடுக்கவில்லை. இவ்விடைவெளியை நோக்கியே இலங்கையும் எகிப்தும், விண்வெளியில் ஆயுதப் போட்டியைத் தடுக்கும் தீர்மானத்தை 1980களிலிருந்து ஐ.நா. பொதுச்சபையில் மாறிமாறி முன்னின்று சமர்ப்பித்து வந்துள்ளன. செய்மதி ஒன்றேனும் அந்நாளிற் கொண்டிராத இந்நாடு இப்பணியை ஏற்றமை நோக்கற்பாலது. ஜெனீவா ஆயுதக் குறைப்பு மகாநாட்டில் 1985 இல் அமைந்த குழு, உடன்படிக்கை எதனையும் ஆக்காமலே 1994 உடன் ஓய்ந்தது. அதற்கு முந்தைய ஆண்டுகளில் வாக்களியாது ஒதுங்கி நின்ற ஐக்கிய அமெரிக்கா, 2005 இற் பொதுச்சபைத் தீர்மானத்தை எதிர்த்தே வாக்களித்தது.

எதிர்ப்பின் பொருளைச் செலவுக் கணக்குக் காட்டும். 2019 டிசம்பரில் உருவான அமெரிக்க விண்வெளிப் படைக்கு 2024 நிதியாண்டில் ஏறத்தாழ 2,900 கோடி டொலர் ஒதுக்கப்பட்டது. உளவுச் செய்மதி நிறுவனத்தின் இரகசியச் செலவு இதிற் சேராது. வரியுயர்வையும் மின்கட்டண உயர்வையும் சுமந்து, நான்காண்டுகளிற் பெறுவதற்கென இலங்கை 2023 மார்ச்சிற் சர்வதேச நாணய நிதியத்திடம் பெற்ற இணக்கம் ஏறத்தாழ 300 கோடி டொலரே. ஒரு படையின் ஓராண்டுச் செலவு அதனிற் பத்து மடங்கை அண்மிக்கின்றது.

வளர்முக நாடுகளும் இப்போட்டியிற் புகுந்துவிட்டன. இந்தியா 2013 இற் கடற்படைக்கென ‘ஜீசாற்-7’ செய்மதியை அனுப்பிற்று. இந்து சமுத்திரம் அதன் தொடர்பாடல் வீச்சுக்குட்பட்டது. 2019 மார்ச் 27 இல் தனது செய்மதியொன்றையே ஏவுகணையால் உடைத்துக் காட்டிற்று. 2024 ஒக்டோபரில் 52 கண்காணிப்புச் செய்மதிகளுக்கு அனுமதி வழங்கப்பட்டது. மதிப்பீடு ஏறத்தாழ 27,000 கோடி இந்திய ரூபா.

மேலிருந்து பார்க்கும் கண்கள் பெருகுவதாற் கீழிருப்போர் காக்கப்படுவர் என்பாரும் உளர். அவர்கள் 2009 ஐ நினைவுகூர்தல் வேண்டும். முல்லைத்தீவுக் கரையோரத்தின் வணிகச் செய்மதிப் படங்கள் அவ்வாண்டு மே 6 ஆம், 10 ஆம் திகதிகளில் எடுக்கப்பட்டன. அமெரிக்க விஞ்ஞான முன்னேற்றச் சங்கம் அவற்றை ஒப்பிட்டு ஆராய்ந்தது. இடம்பெயர்ந்தோரின் கூடாரங்கள் பெருமளவில் மறைந்தமையும் நிலத்திற் குழிகள் தோன்றியமையும் அவற்றில் தெளிவாகத் தெரிந்தன. போர் மே 18, 19 ஆம் திகதிகள் வரை நீடித்தது.