ஆசிரியர் பணியிட மாற்றமும் நீதிமன்றமும்: மலேசிய, இந்தியச் சட்ட நிலைகள்

முன்னுரை

பிரிக்பீல்ட்சிலோ கிள்ளானிலோ குடும்பத்தோடு நிலைத்துவிட்ட தமிழ்ப்பள்ளி ஆசிரியர் ஒருவருக்குப் பேராக்கின் தோட்டப்புறப் பள்ளிக்கு மாற்றல் கடிதம் வருகின்றது எனக் கொள்வோம். நாட்டில் தமிழ்ப்பள்ளிகள் ஐந்நூற்றுக்கும் சற்று மேல். அவை பல மாநிலங்களில் சிதறிக் கிடக்கின்றன. ஆதலால் தமிழ்வழி கற்பிப்பவருக்கு அண்மையில் வேறு பள்ளி கிடைப்பது எளிதன்று. அம்மாற்றத்தை நீதிமன்றத்தில் எதிர்க்க இயலுமா என்பதனை இக்கட்டுரையில் ஆராய்வோம்.

மலேசியச் சட்ட நிலை

கூட்டரசு அரசியலமைப்பின் 135ஆம் பிரிவு, அரசு ஊழியரைப் பணிநீக்கம் செய்வதற்கும் பதவி இறக்குவதற்கும் முன்னர் அவர் தம் தரப்பை எடுத்துரைக்க நியாயமான வாய்ப்பு அளிக்கப்பட வேண்டும் என்கின்றது. பதவித் தரம் மாறாத இடமாற்றம் இவ்விரண்டனுள் எதிலும் அடங்காது. மேலும், ஆணையங்களின் கடமைகளைக் கூறும் 144ஆம் பிரிவு, ஒரே அரசுத் துறைக்குள் தரம் மாறாமல் நிகழும் மாற்றத்தை 'மாற்றம்' என்னும் சொல்லின் பொருளினின்றே விலக்கி வைக்கின்றது. எனவே பள்ளிவிட்டுப் பள்ளி மாறுதல் பெரும்பாலும் நிருவாகச் செயலாகவே கருதப்படும்.

தொழிலுறவுச் சட்டம் 1967இன் முதன்மையான பாதுகாப்புகள் அரசு ஊழியருக்குப் பொருந்தாமையால், தொழில் நீதிமன்றத்தை நாடும் வழியும் இல்லை. எஞ்சுவது உயர் நீதிமன்றத்தில் நீதிச் சீராய்வு கோருதல். நீதிமன்ற விதிகள் 2012இன் 53ஆம் ஆணைப்படி முதலில் நீதிமன்றத்தின் அனுமதி பெறல் வேண்டும். மூன்று மாதங்களுக்குள் மனு செய்தலும் வேண்டும்.

இங்குக் குறிப்பிடத்தக்கது 1996இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் வழங்கிய டான் தெக் செங் தீர்ப்பாகும். அது தொடக்கப்பள்ளி ஆசிரியர் ஒருவரின் பணிநீக்கம் பற்றியது, மாற்றம் பற்றியதன்று. ஆயினும், 5ஆம் பிரிவிலுள்ள 'உயிர்' என்னும் சொல் வாழ்வாதாரத்தையும் உள்ளடக்கும் என நீதிபதி கோபால் ஸ்ரீராம் இந்தியத் தீர்ப்புகளை எடுத்தாண்டு விளக்கினார். அப்பணிநீக்கம் பதவி இறக்கமாகக் குறைக்கப்பட்டது. இந்தியத் தீர்ப்புகள் நம் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தா எனினும், வழிகாட்டும் தகுதி உடையன என்பதற்கு இது சான்று.

இந்தியத் தீர்ப்புகள் காட்டும் எல்லை

பீகார் மாநிலத்தில் கணவர் பணிபுரியும் ஊருக்கே மாற்றல் கேட்ட ஆசிரியைகளுக்கு இடமளிக்க வேறு ஆசிரியர்கள் மாற்றப்பட்டனர். பாதிக்கப்பட்டோரின் மனுவை ஏற்று உயர் நீதிமன்றம் அம்மாற்றங்களை நீக்கியது. ஆனால் ஷில்பி போஸ் வழக்கில் (1991ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பு) உச்ச நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. கட்டாய விதிமீறலோ தீய உள்நோக்கமோ இருந்தாலன்றி நீதிமன்றம் தலையிடலாகாது என்பதே அதன் கருத்து. ஒருவரது குடும்பம் ஒன்றுசேர்வது இன்னொருவரது குடும்பத்தைப் பிரிப்பதாக அமையலாம் என்னும் சிக்கலை இவ்வழக்கு தெளிவாகக் காட்டுகின்றது.

எனினும் வரதராவ் வழக்கில் (1986), அடிக்கடி நிகழும் முறையற்ற மாற்றங்கள் குடும்பத்தையும் பிள்ளைகளின் கல்வியையும் சிதைப்பன என அந்நீதிமன்றமே சுட்டியிருந்தது. சோமேஷ் திவாரி வழக்கில் (2008) அது மேலும் ஒருபடி சென்றது. பெயரிலாப் புகாரின் பேரில் கலால் அதிகாரி ஒருவர் போபாலிலிருந்து ஷில்லாங்கிற்கு மாற்றப்பட்டிருந்தார். புகார் மெய்ப்பிக்கப்படவில்லை. தண்டனைக்கு மாற்றாகப் பிறப்பிக்கப்படும் மாற்ற ஆணை சட்டத்திற்கு முரணானது எனத் தீர்ப்பளிக்கப்பட்டது.

இவற்றினின்று நாம் பெறும் தெளிவு இது: மாற்றத்தால் விளையும் துன்பம் மட்டும் வழக்கிற்குப் போதாது. மாற்றம் என்னும் போர்வையில் தண்டனை ஒளிந்திருப்பதை மெய்ப்பித்தல் வேண்டும். காட்டாக, நிருவாகக் குறைகளைச் சுட்டிய ஆசிரியர் காரணமின்றி உடனே மாற்றப்பட்டால், அக்கடிதங்களின் நாள்களே முதன்மைச் சான்றாகலாம்.

முடிவுரை

மாற்றலை ஏற்க மறுத்து வீட்டில் இருந்துவிடுதல் நன்றன்று. விடுப்பின்றி வாராமை 1993ஆம் ஆண்டு ஒழுங்கு விதிகளின்படி தனிக்குற்றமாகி, நியாயமான முறையீட்டையும் வலுவிழக்கச் செய்யும். புதிய பள்ளியில் பொறுப்பேற்றுக்கொண்டே எழுத்து வடிவில் மேல்முறையீடு செய்தலும், மூன்று மாதக் கெடுவை மறவாதிருத்தலும் வேண்டும்.

தோட்டப்புறப் பள்ளிகளுக்கும் ஆசிரியர் வேண்டும். அங்குள்ள பிள்ளைகளின் உரிமையும் உரிமையே. ஆகவே மாற்றமே கூடாது எனக் கோருதல் பொருந்தாது. மாற்றத்திற்கான காரணத்தை எழுதித் தெரிவிக்கும் நெறி நிலைபெறின், பல வழக்குகள் நீதிமன்றப் படியேறா என்பது எமது கருத்து.