மாட்டு மந்தைக்கு ஓர் ஆண்டுத் திட்டம்

ஊசி போடுவது கால்நடை மருத்துவரின் தொழில். ஆனால் எந்த மாட்டிற்கு எந்த மாதத்தில் போடவேண்டும் என்று முன்கூட்டியே வகுப்பதற்குக் கூட்டல் கழித்தல் அறிந்த எவரும் துணை நிற்கலாம். நெடுங்காலம் கணக்குச் சொல்லிக் கொடுத்தவன் என்ற உரிமையில்தான் இதைப் பற்றிப் பேச முன்வந்தேன்.

ஏலகிரி மலையில் உள்ள ஒரு சிற்றூரை எடுத்துக்கொள்வோம். அங்கே 60 மாடுகள் ஒரே புறம்போக்கில் மேய்கின்றன என்று வைத்துக்கொள்வோம். அவற்றுக்கு முதலில் வேண்டுவது மருந்தன்று, ஒரு நோட்டுப் புத்தகம். பசு எத்தனை, காளை எத்தனை, சினை மாடு எத்தனை, ஒவ்வொரு கன்றும் எந்த மாதம் பிறந்தது என்பதை அதில் எழுதவேண்டும். பிறந்த மாதம் எதற்கு என்று கேட்பீர்கள். கருச்சிதைவு நோய்க்கான ஊசியைக் கிடாரிக் கன்றுகளுக்கு மட்டும், 4 முதல் 8 மாத வயதிற்குள், வாழ்நாளில் ஒரே முறை போடுகிறார்கள். கோமாரி ஊசியோ ஆறு மாதத்திற்கு ஒரு முறை. ஆறு மாதத்திற்கு ஒரு முறைதான் குழு மலையேறும் என்றால், சென்ற தடவை 3 மாதமாயிருந்த கிடாரிக்கு இந்தத் தடவை 9 மாதம் ஆகிவிடும். அந்தக் கன்று தப்பிவிட்டது! இத்தகைய கன்றுகளுக்காக இடையில் ஒரு நாளை ஒதுக்கியாக வேண்டும். இதனை நோட்டுப் புத்தகமே காட்டிக்கொடுக்கும்.

அடுத்தது பருவம். தொண்டை அடைப்பானும் சப்பை நோயும் மழைக்காலத்தை ஒட்டிப் பரவுபவை. ஊசி போட்ட அன்றே உடலில் காப்பு உண்டாகிவிடாது. இரண்டு மூன்று வாரங்கள் செல்லும். ஆதலால் ஆனி மழைக்குச் சித்திரையிலேயே ஆயத்தமாக வேண்டும். மருந்தையோ 2 முதல் 8 பாகை வெப்பத்திற்குள் காக்கவேண்டும். வளைந்து வளைந்து ஏறும் மலைப்பாதையில் பனிக்கட்டிப் பெட்டியோடுதான் அது வரவேண்டும். கோமாரி மருந்து சூடானாலும் கெடும், உறைந்தாலும் கெடும். வெயிலுக்கு அஞ்சுவோர் பலர், உறைவுக்கு அஞ்சுவோர் சிலரே.

இவ்வளவு உழைப்பிற்குப் பயன் உண்டா? உண்டு. இராணிப்பேட்டையில் 1932-இல் தோன்றிய நிலையம் கால்நடைத் தடுப்பு மருந்துகளைச் செய்துவந்தது. வெக்கை நோயை ஒழிக்கும் தேசியத் திட்டம் 1954-இல் தொடங்கிற்று. இந்தியாவில் அந்நோய் கடைசியாக 1995-இல், நம் தமிழ்நாட்டில் காணப்பட்டது. 2011-இல் உலகமே அதனிடமிருந்து விடுதலை பெற்றதாக அறிவிக்கப்பட்டது. வெக்கைக் கிருமி உயிருள்ள விலங்கை விட்டால் நெடுநாள் பிழைக்காது. மந்தைகள் காப்புப் பெற்றதும் அதற்குப் புகலிடம் இல்லாமற் போயிற்று.

அடைப்பான் அப்படியன்று. அதன் வித்துக்கள் மண்ணிலே பல பத்தாண்டுகள் கிடக்கும். எனவே அந்நோய் முன்பு தோன்றிய ஊர்களில் ஆண்டுதோறும் ஊசி போடவேண்டும். மாடு திடீரென மாண்டு, மூக்கிலும் வாயிலும் உறையாத கருங்குருதி வடிந்தால், அதனை அறுக்கவோ தோலுரிக்கவோ கூடாது. உடலைத் திறந்து காற்றுப் பட்டால்தான் கிருமி வித்தாக மாறும். உரிப்பவர் கையிலுள்ள சிறு கீறல் வழியாக மனிதரையும் பற்றும். ஆனால் இது ஆம்பூரும் வாணியம்பாடியும் தோல் பதனிடும் வட்டாரம். இங்கே செத்த மாட்டின் தோலும் காசாகும். பசுவை இழந்து நிற்கும் ஏழை அந்தக் காசை நினைப்பதை அறியாமை என்று ஏசுவதில் எனக்கு உடன்பாடில்லை. பசு சாகாமற் காப்பதே அவனுக்குச் சொல்லும் விடை. செத்ததை ஆழப் புதைத்த இடத்தையும் நோட்டுப் புத்தகத்திலே குறித்து, அங்கே மேய்ச்சலை விலக்கவேண்டும்.

இன்னும் ஒன்று. பொய்கைச் சந்தையிலிருந்து புது மாடு வாங்கி வந்தால், அதனை மூன்று வாரம் தனியே கட்டிப் பார்த்துவிட்டு, ஊசி விவரத்தை எழுதிக்கொண்டு, பிறகே மந்தையோடு மேய விடுக. நோட்டுப் புத்தகத்தில் 61-ஆம் வரி அதற்கு.