அபாயச் சங்கு ஏன் ஊதவில்லை?

ஆலையும் ஊரும் – 7

சென்ற வாரம் போபாலைப் பார்த்தோம். 1984-இன் அந்த டிசம்பர் இரவுக்குப் பிறகுதான் நம் நாட்டில் வரிசையாகச் சட்டங்கள் வந்தன. 1986-இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம், 1987-இல் தொழிற்சாலைகள் சட்டத் திருத்தம், 1989-இல் அபாயகரமான இரசாயனங்களின் உற்பத்தி, சேமிப்பு, இறக்குமதி பற்றிய விதிகள். இத்தனையும் அமலில் இருக்கும்போதே 2020 மே 7 அதிகாலை மூன்று மணி வாக்கில், விசாகப்பட்டினத்தை ஒட்டிய ஆர்.ஆர். வெங்கடாபுரத்தில் மக்கள் மூச்சுத் திணறி விழித்தார்கள். கண் எரிந்தது. கதவைத் திறந்து ஓடியவர்கள் தெருவிலும் சாக்கடை ஓரத்திலும் மயங்கி விழுந்தார்கள். 12 பேர் இறந்தார்கள். நூற்றுக்கணக்கானோர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். கட்டியிருந்த மாடுகள் கட்டிய இடத்திலேயே செத்துக் கிடந்தன.

ஊருக்குப் பக்கத்திலிருந்த எல்ஜி பாலிமர்ஸ் ஆலையின் எம்6 என்ற சேமிப்புத் தொட்டியிலிருந்து ஸ்டைரீன் ஆவி பல நூறு டன் வெளியேறியிருந்தது. எப்படி வெளியேறியது என்பதை நிதானமாகத் தெரிந்துகொள்ள வேண்டும். இரசாயன விபத்துகளைத் தடுக்கும் பாடம் முழுவதும் அந்த ஒரு தொட்டிக்குள் இருக்கிறது.

தெர்மகோலுக்கு மூலப்பொருள் ஸ்டைரீன் என்ற திரவம். அதன் மூலக்கூறுகள் ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு சங்கிலியாகும் இயல்புடையவை. கோக்கும்போது சூடு பிறக்கும். சூடு ஏறினால் கோப்பது இன்னும் வேகமாகும். ஈரம் காயாத வைக்கோலைப் போர் போட்டுவிட்டால் வெளியே ஒன்றும் தெரியாமல் உள்ளுக்குள் புழுங்கிப் புகையத் தொடங்குமே, அந்தக் கதைதான். ஓர் அளவைத் தாண்டிவிட்டால் பிறகு யாராலும் நிறுத்த முடியாது. மிச்சமிருக்கும் திரவம் கொதித்து ஆவியாகக் கிளம்பிவிடும்.

இதைத் தடுக்க இரண்டு காவல் உண்டு. ஒன்று, குளிர்ச்சி. மற்றொன்று, டிபிசி என்ற தடுப்பு மருந்து. அந்த மருந்து வேலை செய்யத் திரவத்தில் கொஞ்சம் ஆக்சிஜன் கரைந்திருக்க வேண்டும். இன்னொரு சிக்கலும் இருக்கிறது. ஸ்டைரீன் ஆவி மேலே போய்த் தொட்டியின் கூரையில் துளித்துளியாகப் படியும். டிபிசி அதோடு ஆவியாகிப் போகாது, திரவத்திலேயே தங்கிவிடும். அதனால் கூரையில் படிந்த துளிகளுக்குக் காவல் கிடையாது. அங்கே அவை இறுகி விழுதுகளாகத் தொங்கத் தொடங்கும். மேலே நடப்பதைக் கவனிக்காமல் கீழே மட்டும் பார்த்துக்கொண்டிருப்பது ஏன் ஆபத்து என்பதற்கு இது ஒன்றே போதும்.

2020 மார்ச் இறுதியில் ஊரடங்கு வந்தது. ஆலை நின்றது. வழக்கமாக வந்து வந்து போய்க்கொண்டிருக்கும் ஸ்டைரீன், எம்6-இல் வாரக்கணக்கில் அப்படியே தேங்கி நின்றது. வெளியே விசாகப்பட்டினத்துக் கோடை வெயில்.

ஆந்திர அரசு அமைத்த, நீரப் குமார் பிரசாத் தலைமையிலான உயர்நிலைக் குழு ஜூலையில் அறிக்கை தந்தது. தொட்டியின் வெப்பமானி அடிப்பகுதியில் மட்டுமே இருந்தது. மேல்மட்டத்துச் சூடு யாருக்கும் தெரியவில்லை. குளிர்விக்கும் இயந்திரம் மாலை 5 மணிக்கு நிறுத்தப்பட்டு வந்தது. 2019 டிசம்பரில் தொட்டியின் குழாய் அமைப்பை மாற்றியிருந்தார்கள். அந்த மாற்றத்தால் திரவம் மேலும் கீழும் சரியாகக் கலக்கவில்லை. கரைந்த ஆக்சிஜனின் அளவைக் கண்காணிக்கவில்லை. நிலைமை கைமீறும்போது கொட்டி அடக்க வேண்டிய இரசாயனமும் போதிய இருப்பில் இல்லை.

தனித்தனியாகப் பார்த்தால் இவை ஒவ்வொன்றும் சின்ன முடிவுகள். பட்டப்பகலில், அலுவலக மேசையில், யாரோ ஒருவர் சரி என்று தலையாட்டி எடுத்தவை. குழாயை மாற்றும்போது, “இதனால் வேறெது பாதிக்கும்?” என்று எழுத்தில் கேட்டு, எழுத்தில் பதில் வாங்கியிருந்தால் அந்தக் கோளாறு அங்கேயே பிடிபட்டிருக்கும். உலகெங்கும் இரசாயன ஆலைகளில் வால்வு ஒன்றை மாற்றினாலும் இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டும் என்று விதி வைத்திருப்பதற்குக் காரணம், பலர் உயிரைக் கொடுத்துக் கற்ற பாடங்கள்.

என்னை மிகவும் வருத்துவது இதற்கு அடுத்த செய்தி. அந்த ஆலையில் அபாயச் சங்கை ஒலிக்கச் செய்ய 36 இடங்களில் வசதி இருந்தது. ஆலை வாசலில்கூட ஒன்று. ஒன்றைக்கூட யாரும் அழுத்தவில்லை. ஊர் எழுந்தது நெடியால். விவரம் தெரிந்து போலீசார் வந்து கதவு கதவாகத் தட்டி எழுப்பினார்கள். அதே சங்கு முதலிலேயே ஊதியிருந்தால் எத்தனை பேர் பிழைத்திருப்பார்கள்!

சங்கு ஊதினால் மட்டும் போதுமா? எந்தப் பக்கம் ஓட வேண்டும் என்பதும் ஊருக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஸ்டைரீன் ஆவி காற்றைவிட மூன்று மடங்குக்கு மேல் கனமானது. தாழ்ந்த இடங்களில் வந்து படுத்துக்கொள்ளும். காற்று வீசும் திசையிலேயே ஓடினால் அது கூடவே வரும். காற்றுக்குக் குறுக்கே விலக வேண்டும். இதைத் தூக்கக் கலக்கத்தில் யோசித்துக் கண்டுபிடிக்க முடியாது. முன்கூட்டியே பழகியிருக்க வேண்டும்.

1989-ஆம் ஆண்டு விதிகள் இதைத்தான் சொல்கின்றன. ஆலைக்குள் ஒரு அவசரகாலத் திட்டம் வேண்டும். ஆலைக்கு வெளியே ஊருக்கென்று இன்னொரு திட்டம் வேண்டும். இரண்டுக்கும் ஒத்திகை நடத்த வேண்டும். விபத்து நேர்ந்தால் பாதிக்கப்படக்கூடிய அக்கம்பக்கத்து மக்களிடம், உள்ளே என்ன ஆபத்து இருக்கிறது, நேர்ந்தால் என்ன செய்ய வேண்டும், எதைச் செய்யக்கூடாது என்று ஆலை நிர்வாகம் சொல்லியாக வேண்டும். 1996-இல் வந்த விதிகள் மாவட்ட ஆட்சியர் தலைமையில் நெருக்கடிக் குழுவும் அமைக்கச் சொல்கின்றன. அதே 1996-இல் அமெரிக்கா கொண்டுவந்த விதியின்படி, மிக மோசமாகக் கசிந்தால் விஷம் எவ்வளவு தூரம் போகும், அந்த வட்டத்துக்குள் எத்தனை பேர் குடியிருக்கிறார்கள் என்பதை ஆலையே கணக்கிட்டு அரசிடம் தர வேண்டும். நம் ஊர்களில் அப்படி ஒரு வட்டம் போட்டுப் பார்த்தால் அதற்குள் எத்தனை பள்ளிக்கூடங்கள் வரும்!

ஆகவே, ஆலைக்கு அருகில் வசிக்கும் ஒவ்வொருவருக்கும் சில கேள்விகள் கேட்க உரிமை இருக்கிறது. அந்தத் தொட்டியில் இருப்பது என்ன? கசிந்தால் எங்கள் தெருவரை வருமா? சங்கை ஊத வேண்டியவர் யார், அவர் மேலதிகாரியின் அனுமதிக்குக் காத்திருக்க வேண்டுமா? ஊருக்கான ஒத்திகை கடைசியாக எப்போது நடந்தது? கிராம சபையில் இதைக் கேளுங்கள். ஆட்சியரின் குறைதீர்க்கும் நாளில் மனுவாகக் கொடுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் எழுதிக் கேளுங்கள். ஆலை வேண்டாம் என்று சொல்வது வேறு, பாதுகாப்பாக நடத்து என்று கேட்பது வேறு. இரண்டாவதைக் கேட்பவரை வளர்ச்சிக்கு விரோதி என்று ஒதுக்குகிறவர்கள், வெங்கடாபுரத்தில் பிள்ளையைப் பறிகொடுத்த தாயின் முன்னால் நின்று அதைச் சொல்லட்டும்.

கேட்பவர் ஒருவராக இருந்தால் கோப்பில் போட்டு மூடிவிடுவார்கள். தெருவே சேர்ந்து கேட்டால் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும்.

அடுத்த வாரம்: 2023 டிசம்பர் 26 நள்ளிரவில் எண்ணூர் பெரியகுப்பம், சின்னகுப்பம் மக்களை வீட்டை விட்டு ஓடவைத்த கடலடி அம்மோனியா குழாய்.

(தொடரும்)