நம் மொழியில் வந்த வசை

2024 ஜூலை 6, சனிக்கிழமை. பினாங்கின் சுங்கை பாக்காப் சட்டமன்றத் தொகுதியில் இடைத்தேர்தல். இரண்டு வாரமாகக் கட்சிக் கொடிகளும் ஒலிபெருக்கிகளுமாக இருந்த அந்தச் சிற்றூர் அன்று வாக்களிக்க வரிசையில் நின்றது. அதற்கு முந்தின நாள்தான் கோலாலம்பூரிலிருந்து அந்தச் செய்தி வந்திருந்தது. டிக் டாக்கில் பலருக்கும் அறிமுகமான ஈஷா என்கிற ராஜேஸ்வரி அப்பாஹு, 29 வயது, இறந்துவிட்டார். இணையத்தில் தன்னை இழிவாகப் பேசி மிரட்டுகிறார்கள் என்று போலீஸில் புகார் கொடுத்துவிட்டு வந்தவர் அவர்.

சுங்கை பாக்காப் வட்டாரத் தமிழர்களுக்கு இந்த வேதனை புதிதல்ல. நான்கு ஆண்டுகளுக்கு முன், 2020 மே மாதம், ஊரே நடமாட்டக் கட்டுப்பாட்டில் முடங்கிக் கிடந்தபோது, இதே தென் செபராங் பிறை மாவட்டத்தில் 20 வயது தமிழ்ப் பெண் ஒருவர் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். உடன் வேலை செய்த வெளிநாட்டுத் தொழிலாளர் ஒருவருடன் அவர் எடுத்த டிக் டாக் காணொளியை, கேலிக்கென்றே நடத்தப்பட்ட ஒரு தமிழ் முகநூல் பக்கம் எடுத்துப் போட்டிருந்தது. அதன்கீழ் வசைகள் குவிந்தன. அவர் பெயரை நான் இங்கே எழுதவில்லை. அந்தப் பெயர் வேண்டிய அளவுக்கு மேல் ஊர் வாயில் அடிபட்டுவிட்டது.

ஒரு மரணத்துக்கு இதுதான் காரணம் என்று வெளியிலிருந்து யாரும் அறுதியிட்டுச் சொல்ல முடியாது. ஆனால் அந்த வசைகள் எதைக் குறிவைத்தன என்று சொல்ல முடியும். அவர் யாருக்கும் தீங்கு செய்யவில்லை, யாரையும் ஏமாற்றவில்லை. அவர் தமிழ்ப் பெண், பக்கத்தில் நின்றவர் அந்நிய நாட்டு ஆண். அவ்வளவுதான் குற்றம். ஒரு பெண்ணின் உடம்பில் இனத்தின் மானத்தை ஏற்றி வைத்து, அதற்குக் காவலர்களாகத் தங்களைத் தாங்களே நியமித்துக்கொண்டவர்கள் செய்த வேலை இது.

இதில் எனக்கு ஆறவே ஆறாத ஒன்று உண்டு. சுங்கை பாக்காப்பையும் நிபோங் திபாலையும் சுற்றியுள்ள இந்த நிலத்துக்கு நாம் எப்படி வந்தோம்? பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிருந்த கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறி வந்தோம். பிறகு ரப்பர், அதன்பின் செம்பனை. தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது பிள்ளைகள் தொழிற்சாலைக்குப் போனார்கள். இன்று பிறையிலும் பத்து காவானிலும் ஒரே தொழிற்கூடத்தில் தமிழ்ப் பெண்ணும் நேப்பாளியும் வங்கதேசத்தவரும் தோளோடு தோள் நின்று வேலை செய்கிறார்கள். ஒரே மேற்பார்வையாளரிடம் திட்டு வாங்குகிறார்கள், ஒரே உணவுக்கூடத்தில் சாப்பிடுகிறார்கள். கடல் கடந்து கூலிக்கு வந்தவன் என்ற ஏளனத்தை நம் பாட்டன்மார் அனுபவித்தார்கள். அதே ஏளனத்தை நாம் இன்னொருவன் தலையில் ஏற்றுகிறோம். அவனோடு சிரித்துப் பேசிய நம் வீட்டுப் பெண்ணையும் சேர்த்து அதில் அழுத்துகிறோம்.

இரண்டு சம்பவங்களிலும் வசை பாடியவர்கள் தமிழர்கள். இணைய வெறுப்பு என்றாலே பிற இனத்தார் நம்மைத் தாக்குவதைப் பற்றித்தான் நாம் பேசுகிறோம். அதுவும் நடக்கிறது. ஆனால் அந்நியன் திட்டினால் ஆத்திரம் வரும், தோள் கொடுக்க நாலு பேர் வருவார்கள். சொந்தச் சனம் திட்டும்போது யாரிடம் போய் நிற்பது? அந்தச் சொற்களின் முழு விஷமும் அம்மாவுக்குப் புரியும், மாமாவுக்குப் புரியும், கோயிலில் பார்க்கிற அக்காவுக்குப் புரியும். அடுத்த தெருவில் உள்ளவர்கள் வாட்ஸ்அப் புலனத்தில் பகிர்ந்து பார்த்திருப்பார்கள். வசைக்கு ஆளானவள் யாருக்கும் தெரியாதவளாக நடமாட இந்தச் சிறிய ஊரில் ஒரு தெரு கிடையாது.

ஆனால் போலீஸ் நிலையத்தில் அதே சொற்கள் பாதி செத்துவிடுகின்றன. புகார் பெரும்பாலும் மலாயில்தான் பதிவாகிறது. தன்னைப் பற்றி எழுதப்பட்ட ஆபாசத்தை அந்தப் பெண்ணே வாய் திறந்து சொல்லி, மொழிபெயர்த்து, முன்பின் தெரியாத அதிகாரிக்கு விளக்க வேண்டியிருக்கிறது. சாதிப் பெயரை வைத்துக் குத்துவது, தாயின் ஒழுக்கத்தை இழுப்பது, இதெல்லாம் மலாயில் சொன்னால் ஏதோ வாய்த்தகராறு போல ஆகிவிடும்.

சட்டமும் நெடுங்காலம் அப்படித்தான் பார்த்தது. ஈஷாவை இழிவுபடுத்தியதாக நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்ட ஒரு பெண், 1955-ஆம் ஆண்டுச் சிறு குற்றங்கள் சட்டத்தின் 14-ஆவது பிரிவின்கீழ் குற்றத்தை ஒப்புக்கொண்டு 100 ரிங்கிட் அபராதம் கட்டிவிட்டுப் போனார். அந்தப் பிரிவில் அதற்குமேல் விதிக்க நீதிபதிக்கும் இடமில்லை. ஒரு லாரி ஓட்டுநர்மீது மட்டும் தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின்கீழ் வழக்கு வந்தது. மறுபக்கம் பாருங்கள்: 2023 வரை தண்டனைச் சட்டத்தின் 309-ஆவது பிரிவு நடைமுறையில் இருந்தது. உயிரை விட முயன்று பிழைத்தவருக்கு ஓராண்டுவரை சிறை. துரத்தியவருக்கு நூறு வெள்ளி, துரத்தப்பட்டவருக்குச் சிறைக்கதவு. இப்படி ஒரு நாட்டில்தான் அந்த 20 வயதுப் பெண் 2020-இல் தனியாக நின்றார்.

அந்த நூறு வெள்ளி நாடெங்கும் கிளப்பிய கோபம் வீண்போகவில்லை. 2025 பிப்ரவரி 11 முதல் தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233-ஆவது பிரிவில் உச்ச அபராதம் 50,000 ரிங்கிட்டிலிருந்து 500,000 ஆனது. ஜூலை 11 முதல் தண்டனைச் சட்டத்தில் பகடிவதைக்கென்றே 507பி தொடங்கிப் புதிய பிரிவுகள் வந்தன. வேண்டுமென்றே மிரட்டியோ இழிவாகப் பேசியோ ஒருவரைத் துன்புறுத்தினால் மூன்றாண்டுவரை சிறை. அதனால் தூண்டப்பட்டு ஒருவர் உயிரை மாய்த்துக்கொண்டால் பத்தாண்டுவரை. பிறரின் முகவரி, தொலைபேசி எண் போன்றவற்றைத் தீய நோக்கில் வெளியிடுவதும் இப்போது குற்றம்.

நல்லது. ஆனால் வாய்ப்பூட்டுக்காகவும் பயன்படுத்தக்கூடிய சட்டம் என்று 233-ஐப் பற்றி எழுந்த கவலையும் நியாயமானதே. அதனால் சட்டத்தின் கூர்மையைவிட அதைக் கையாளும் ஆளைத்தான் நான் கேட்கிறேன். தமிழர்கள் வாழும் ஒவ்வொரு மாவட்டக் காவல் தலைமையகத்திலும் தமிழ் வாசிக்கத் தெரிந்த ஓர் அதிகாரி, முடிந்தால் பெண், இந்தப் புகார்களை எடுக்க வேண்டும். இங்கே வணிகம் செய்யும் டிக் டாக்கிடமும் முகநூலிடமும், மலேசியத் தமிழின் வசைகளை அறிந்த கண்காணிப்பாளர்கள் எத்தனை பேர் என்று அரசு கேட்க வேண்டும். நேரலையில் ஒரு பெண்ணைக் கிழிக்கும் ஆளுக்குப் பார்வையாளர்கள் அனுப்பும் பரிசுகள் பணமாகின்றன. அதில் ஒரு பங்கு அந்தத் தளத்தை நடத்தும் நிறுவனத்துக்கும் போகிறது.

இப்போது இதில் சிக்கியிருப்பவர்களுக்கு: எதையும் அழிக்காதீர்கள். பதிவு, கணக்கின் பெயர், தேதி, எல்லாம் தெரிய திரைப்பிடிப்பு எடுத்து, நம்பிக்கையான ஒருவரிடம் கொடுத்து வையுங்கள். அவரையும் கூட்டிக்கொண்டு புகாருக்குப் போங்கள். மனம் தாங்கவில்லையா, ஹீல் எண் 15555, பிஃபிரண்டர்ஸ் 03-7627 2929, தாலியான் காசே 15999 ஆகியவற்றை அழைக்கலாம். அப்படிச் சிக்கிய பெண்ணின் அப்பா, அண்ணன், சித்தி யாராவது இதைப் படித்தால், அவளிடம் முதலில் “சாப்பிட்டியாம்மா?” என்று கேளுங்கள். “ஏன் அந்தக் காணொளியைப் போட்டாய்?” என்ற கேள்வியை ஊர் ஏற்கெனவே கேட்டுவிட்டது.